பெட்டி வந்த காலம், கீ வரும் காலம்

தமிழ் சினிமா எப்படியெல்லாம் மாறிவிட்டது என்று பேசத் தொடங்குகிறவர்கள் பெரும்பாலும் கதையைப் பற்றியோ, நடிகர்களின் சம்பளத்தைப் பற்றியோ, பாடல்களின் தரத்தைப் பற்றியோ பேசி முடித்துவிடுகிறார்கள். எனக்கு வேறொன்று தோன்றுகிறது. கடந்த இருபது ஆண்டுகளில் நாம் கண்ட மாற்றங்களில் பெரும்பகுதியை ஒரே ஒரு கேள்வியிலிருந்து விளக்கிவிட முடியும்: ஒரு படத்துக்குக் கூடுதலாக ஒரு பிரதி எடுக்க என்ன செலவாகும்? அந்தச் செலவு அதிகமாக இருந்தவரை ஒரு படம் ஊர் ஊராக, மாதக்கணக்கில் வாழ்ந்தது. அது ஏறக்குறைய ஒன்றுமில்லாமல் போனபோது, படத்தின் ஆயுள் வெள்ளிக்கிழமை காலைக்கும் ஞாயிற்றுக்கிழமை இரவுக்கும் நடுவே சுருங்கிவிட்டது. திரையரங்குகள் மூடப்படுவதும், ஓ.டி.டி. நிறுவனங்கள் வெளியீட்டுத் தேதியைத் தீர்மானிப்பதும், யூடியூப் விமர்சகர்கள்மீது தயாரிப்பாளர்கள் கொள்ளும் கோபமும் இந்த ஒரு சுருக்கத்தின் பல பக்கங்கள் என்றே நான் நினைக்கிறேன்.

இதை நான் புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை. என் சித்தப்பா எண்பதுகளில் ஒரு விநியோக நிறுவனத்தில் ரெப்ரசென்டேடிவாக வேலை பார்த்தார். அண்ணாசாலையை ஒட்டிய மீரான் சாகிப் தெருவில் அந்த நிறுவனத்தின் அலுவலகம் இருந்தது. தமிழ் சினிமா எடுக்கப்பட்ட இடம் கோடம்பாக்கம் என்றால், அது விற்கப்பட்ட இடம் இந்தத் தெருதான். குறுகலான மாடிப்படிகள், படிக்கட்டுச் சுவரெங்கும் போஸ்டர்கள், ஒவ்வொரு அறை வாசலிலும் தகரப் பெட்டிகள் என்று அந்தத் தெரு எப்போதும் நெரிசலாகவே இருக்கும். அந்த நெரிசலில் நிற்பவர்களில் நடிகர் ஒருவரும் இருக்க மாட்டார். வெளியூர்த் திரையரங்க உரிமையாளர்கள், அவர்களுடைய மேனேஜர்கள், வட்டிக்குப் பணம் கொடுத்த பைனான்சியர்கள், ரெப்கள் ஆகியோர்தான் இருப்பார்கள். படம் எப்படி இருக்கிறது சித்தப்பா என்று நான் கேட்டால், "படம் கெடக்கட்டும்டா, சனிக்கிழமை செகண்ட் ஷோ என்ன கலெக்‌ஷன்னு கேளு" என்பார். சிறுவனாக இருந்தபோது அந்தப் பதில் எனக்குச் சப்பென்று இருந்தது. பின்னாளில் யோசித்துப் பார்க்கையில், தொழிலைப் பற்றி நான் கேட்ட முதல் சரியான பாடம் அது என்று தெரிகிறது.

பிரிண்ட் என்பது எவ்வளவு பருமனான பொருள் என்பதை இன்றைய தலைமுறைக்குச் சொல்லித்தான் ஆக வேண்டும். ஆயிரம் அடி நீளமுள்ள 35 மில்லிமீட்டர் சுருள் ஒன்று திரையில் ஏறத்தாழ 11 நிமிடம் ஓடும். இரண்டரை மணி நேரத்துக்கு மேற்பட்ட ஒரு தமிழ்ப் படத்துக்குப் பதினான்கு முதல் பதினாறு சுருள்கள் தேவைப்படும். தணிக்கைச் சான்றிதழ் திரையில் தோன்றும் அந்தச் சில நொடிகளில், எத்தனை ரீல் என்று அரங்கம் முழுவதும் வாய்விட்டுப் படிக்கும் வழக்கம் இருந்தது. பதினேழு என்று வந்தால் ஒரு ஆரவாரம், பதின்மூன்று என்று வந்தால் ஏமாந்துவிட்டோமோ என்ற முணுமுணுப்பு. அந்தச் சுருள்களைத் தகரப் பெட்டிகளில் அடுக்கினால் தூக்குவதற்கு ஆள் வேண்டும். கச்சா பிலிமோ பெரும்பாலும் இறக்குமதிச் சரக்கு. பிலிம், கழுவும் கூலி, ஒலித்தடம் எல்லாம் சேர்ந்து, பிலிம் காலத்தின் கடைசி ஆண்டுகளில் ஒரு பிரிண்டுக்கு ஐம்பதாயிரம் ரூபாய்க்கு மேல் ஆகிவிட்டது. எனவே எண்பதுகளில் பெரிய நட்சத்திரத்தின் படத்துக்கே தமிழகம் முழுவதற்கும் சேர்த்துச் சில பத்துப் பிரிண்டுகள்தான் போட்டார்கள்.

பிரிண்ட் குறைவு என்பதால் அது வரிசையில் பயணம் செய்தாக வேண்டும். சென்னையில் ஒரு புதிய படம் மூன்று, நான்கு, மிஞ்சிப்போனால் ஐந்து அரங்குகளில் வெளியாகும். மவுண்ட் ரோட்டில் ஒன்று, வடசென்னைக்கு ஒன்று, புரசைவாக்கம் பக்கம் ஒன்று, தெற்கே ஒன்று. நாளிதழ் விளம்பரத்தின் அடியில் இந்த அரங்குகளின் பெயர்கள் வரிசையாக அச்சாகியிருக்கும். சினிமாவுக்குப் போகிற குடும்பங்களுக்கு நகரத்தின் வரைபடமே அந்த வரிசைதான். தண்டையார்பேட்டை அகஸ்தியாவில் வெளியானால் எங்கள் வீட்டில் கொண்டாட்டம். அண்ணாசாலையில் மட்டும் என்றால் பேருந்து, காத்திருப்பு, பிளாக் டிக்கெட் என்று எல்லாவற்றையும் யோசிக்க வேண்டும். பெருநகரங்களான ஏ சென்டரில் ஓடி முடித்த பிரிண்ட் அடுத்த அளவிலான ஊர்களுக்கும், அங்கிருந்து சி சென்டர் எனப்பட்ட சிற்றூர் அரங்குகளுக்கும், கடைசியில் கீற்றுக் கொட்டகைகளுக்கும் போகும். தீபாவளிக்கு மவுண்ட் ரோட்டில் வெளியான படம் திருத்தணிக்கு அப்பால் உள்ள ஒரு டூரிங் டாக்கீஸுக்கு வரும்போது பொங்கல் கழிந்திருக்கும்.

இந்த வரிசைதான் வியாபாரத்தையும் வகுத்தது. தமிழகம் சென்னை நகரம், செங்கல்பட்டு, வட தென் ஆற்காடுகள், சேலம், கோவை, எம்.ஆர். எனப்பட்ட மதுரை ராமநாதபுரம், டி.டி. எனப்பட்ட திருச்சி தஞ்சாவூர், டி.கே. எனப்பட்ட திருநெல்வேலி கன்னியாகுமரி என்று ஏரியாக்களாகப் பிரிக்கப்பட்டிருந்தது. மாவட்டங்கள் பல முறை பிரிக்கப்பட்டுப் புதுப் பெயர்கள் வந்த பிறகும் சினிமாக்காரர்கள் இந்தப் பழைய எல்லைகளை விடவில்லை. இன்றும் வசூல் கணக்கு பேசுகையில் வட ஆற்காடும் தென் ஆற்காடும் உயிரோடு இருக்கின்றன. ஒவ்வொரு ஏரியாவையும் ஒரு விநியோகஸ்தர் மினிமம் கேரண்டி என்று ஓர் உறுதித் தொகை கொடுத்தோ, அவுட்ரேட் என்று மொத்த விலை பேசியோ, திருப்பித் தரக்கூடிய அட்வான்ஸ் கொடுத்தோ வாங்குவார். படம் விழுந்தால் மினிமம் கேரண்டியில் வாங்கியவரின் பணம் போனதுதான். 2002-இல் ‘பாபா’ எதிர்பார்த்தபடி ஓடாதபோது ரஜினிகாந்த் நஷ்டத்தைத் திருப்பிக் கொடுத்தது இன்றுவரை பேசப்படுவதற்குக் காரணம், அப்படிக் கொடுக்க வேண்டிய கட்டாயம் யாருக்கும் இல்லை என்பதே.

பிரிண்டோடு போகிற ஆள் ரெப். பெட்டியைப் பேருந்தில் ஏற்றி, அரங்கில் ஒப்படைத்து, அந்த ஊரிலேயே ஒரு வாரமோ இரண்டு வாரமோ தங்குவார். ஒவ்வொரு காட்சிக்கும் எத்தனை டிக்கெட் கிழிந்தது என்று எண்ணி, டி.சி.ஆர். எனப்படும் தினசரி வசூல் அறிக்கையில் கையெழுத்துப் போட்டு, விநியோகஸ்தரின் பங்கை வசூலித்து அனுப்ப வேண்டும். சில அரங்குகளில் வாசலில் வாங்கிய டிக்கெட்டைக் கிழிக்காமல் மறுபடி கவுண்டருக்கே கொண்டுபோய் விற்பார்களாம். ஆகவே சித்தப்பா இடைவேளையில் அரங்குக்குள் நின்று தலைகளை எண்ணுவார். பெஞ்சில் எத்தனை பேர், தரையில் எத்தனை பேர் என்று பார்வையாலேயே அளந்துவிடுகிற திறமை அவருக்கு வந்துவிட்டது. கல்யாண வீட்டுப் பந்தியிலும் அதே பழக்கத்தில் எண்ணிக்கொண்டிருப்பார். ஒரு படத்தை நூறு தடவைக்கு மேல் பார்த்தும் அதன் கடைசிக் காட்சியை ஒழுங்காகப் பார்க்காத மனிதர்கள் இந்த ரெப்கள், ஏனென்றால் அந்த நேரத்தில் அவர்கள் கணக்கு அறையில் இருப்பார்கள்.

வரிசையில் நகர்ந்த காரணத்தால்தான் படத்துக்குக் காலம் கிடைத்தது. 1944 தீபாவளிக்கு வெளியான எம்.கே. தியாகராஜ பாகவதரின் ‘ஹரிதாஸ்’ சென்னை பிராட்வே அரங்கில் மூன்று தீபாவளிகளைக் கண்டது என்பது தமிழர்கள் எல்லோருக்கும் தெரிந்த செய்தி. அது ஓர் அதிசயம் என்று சொல்லி நகர்ந்துவிடுவோம். ஆனால் அதற்குப் பின்னால் ஒரு கணக்கும் இருக்கிறது. போர்க்காலத்தில் கச்சா பிலிமுக்குக் கட்டுப்பாடு இருந்தது, படங்களின் நீளத்துக்கே அரசு வரம்பு விதித்திருந்தது, புதுப் படங்கள் குறைவு. இருக்கிற படத்தை இருக்கிற அரங்கில் ஓட்டுவதைத் தவிர வேறு வழியில்லாத சூழலும் பாகவதரின் குரலோடு சேர்ந்துகொண்டது. பிந்தைய காலத்தில் ஐம்பது நாள், நூறு நாள், இருபத்தைந்து வாரம் என்ற படிகளெல்லாம் இதே பற்றாக்குறையின் பிள்ளைகள். நூறாவது நாள் விழாவில் கொடுக்கப்பட்ட கேடயங்கள் எத்தனையோ பழைய நடிகர்களின் வரவேற்பறைகளில் இன்னும் இருக்கின்றன.

மெதுவாகப் பிடித்துக்கொள்ளும் படங்களுக்கு இந்த அமைப்பு இடம் கொடுத்தது. 1980-இல் புதுமுகங்களோடு வந்த ‘ஒருதலை ராகம்’ அப்படிப் பிடித்துக்கொண்ட ஒன்று. வாங்க ஆளில்லாமல் நெடுநாள் கிடந்து 1999 டிசம்பரில் மிகச் சில காட்சிகளோடு வெளியான ‘சேது’ இன்னொன்று. பார்த்தவர் பார்க்காதவரிடம் சொல்லி, அவர் அடுத்த வாரம் போய்ப் பார்த்து, அதற்கடுத்த வாரம் காட்சிகள் கூடி, அதன்பின் பிற ஊர்களில் விற்பனையாகி, என்று ஒரு படம் தன் காலில் எழுந்து நிற்க இரண்டு மாதம் ஆனாலும் அதற்கு அனுமதி இருந்தது. பிரிண்ட் குறைவு என்பதால் முதலீடும் குறைவு. முதல் மூன்று நாளில் எல்லாப் பணத்தையும் எடுத்துவிட வேண்டும் என்ற அவசரம் யாருக்கும் கிடையாது. எடுக்கவும் முடியாது.

ஆனால் அந்தக் காலத்தைப் பொற்காலம் என்று நான் சொல்லப் போவதில்லை. சி சென்டர் ரசிகனுக்கு வந்து சேர்ந்த பிரிண்ட் எந்த நிலையில் இருந்தது என்று எனக்குத் தெரியும். கீறல்கள் மழைபோல் கொட்டும், வண்ணம் மங்கியிருக்கும், பாட்டின் நடுவே ஒரு வரி காணாமல் போயிருக்கும். அறுந்த இடத்தை வெட்டி ஒட்டி வெட்டி ஒட்டி, ஊருக்குச் சில அடிகளாகப் படம் தேய்ந்துகொண்டே போகும். கடைசிப் பேருந்தைப் பிடிக்க வேண்டும் என்பதற்காகவோ, இன்னொரு காட்சியை நுழைக்க வேண்டும் என்பதற்காகவோ ஆபரேட்டரே ஒரு பாட்டையோ நகைச்சுவைக் காட்சியையோ எடுத்துவிடுவதும் உண்டு. மவுண்ட் ரோட்டில் பார்த்தவரும் டூரிங் டாக்கீஸில் பார்த்தவரும் ஒரே கட்டணத்தைக் கொடுக்கவில்லை என்பது உண்மைதான்; ஆனால் அவர்கள் ஒரே படத்தையும் பார்க்கவில்லை. நகரத்தான் பார்த்து முடித்து எறிந்ததை ஊரான் பார்த்தான் என்பதே அந்த வரிசையின் பச்சையான பொருள்.

அந்த வரிசையை முதலில் உடைத்தது கள்ள வீடியோ. 1975-இல் சென்னைத் தொலைக்காட்சி வந்தபோதும், எண்பதுகளில் வி.சி.ஆர். வாடகைக்குக் கிடைத்தபோதும் திரையரங்குகள் பயந்தன, ஆனால் தாங்கிக்கொண்டன. 1993 ஏப்ரலில் சன் டி.வி. தொடங்கிய பிறகு, பழைய படத்துக்காகத் திரையரங்குக்குப் போகும் கூட்டம் குறையலாயிற்று. மறுவெளியீட்டை நம்பியிருந்த இரண்டாம் நிலை அரங்குகள் மெல்ல மெல்ல நொடித்தன. தொண்ணூறுகளின் இறுதியில் வி.சி.டி. வந்ததும் கதையே மாறிவிட்டது. படம் வெளியான சில நாட்களில் பர்மா பஜாரில் குறுந்தகடு கிடைக்கும். சென்னையில் வெள்ளிக்கிழமை வெளியான படம் சி சென்டருக்கு இரண்டு மாதம் கழித்து வருவதற்குள், அந்த ஊரின் கேபிள்காரர் அதை இரண்டு தடவை ஒளிபரப்பி முடித்திருப்பார். எனவே தயாரிப்பாளர்கள் வேறு வழியின்றி எல்லா ஊர்களிலும் ஒரே நாளில் வெளியிடத் தொடங்கினார்கள். பிரிண்ட் எண்ணிக்கை நூறு, இருநூறு என்று ஏறியது, செலவும் ஏறியது. டிஜிட்டல் திரையிடலுக்கு வரவேற்பு கிடைத்தது இந்தச் சூழலில்தான்.

அந்தத் தொழில்நுட்பத்தின் பெரும்பகுதி சென்னையிலேயே உருவானது என்பதை நாம் போதுமான அளவு சொல்லிக்கொள்வதில்லை. 1986-இல் சென்னையில் தொடங்கப்பட்ட ரியல் இமேஜ் நிறுவனம் கணினிப் படத்தொகுப்பையும் டி.டி.எஸ். ஒலியையும் இங்கே கொண்டுவந்தது; பின்னர் அந்நிறுவனம் உருவாக்கிய க்யூப் திரையிடல் முறை 2000-களின் நடுவிலிருந்து நாட்டின் பல பகுதிகளுக்கும் பரவியது. படம் ஒரு கோப்பாக மாறியது. வன்தட்டிலோ செயற்கைக்கோள் வழியாகவோ அரங்கின் சர்வருக்கு வந்து சேரும். அதைத் திறக்க, இந்த அரங்கில், இந்தத் திரையில், இந்தத் தேதியிலிருந்து இந்தத் தேதிவரை என்று குறிக்கப்பட்ட ஒரு மின்னணுச் சாவி வேண்டும். ஆபரேட்டர்கள் அதைக் கீ என்கிறார்கள். 2010-களின் நடுப்பகுதிக்குள் தமிழில் பிலிம் பிரிண்ட் ஏறக்குறைய வழக்கொழிந்துவிட்டது. கோடம்பாக்கம், சாலிகிராமம் பகுதிகளில் இரவு பகலாக ஓடிக்கொண்டிருந்த லேப்கள் பிலிம் கழுவுவதை நிறுத்தின.

பெட்டி போய்க் கீ வந்தது என்றாலும், அதன் பின்னால் உள்ள பண நெருக்கடி அப்படியே இருக்கிறது என்பது எனக்கு வேடிக்கையாகப் படும். அன்று தயாரிப்பாளர் கடன் வாங்கும்போது பைனான்சியருக்கு லேப் லெட்டர் கொடுப்பார்; இந்தப் பைனான்சியரின் சம்மதமின்றி பிரிண்ட் வெளியே போகாது என்று லேப் உறுதி கொடுக்கும் கடிதம் அது. வெளியீட்டுக்கு முந்தைய இரவு கடன்காரர்கள் எல்லோரும் லேப் வாசலில் கூடுவார்கள். விடிய விடியப் பஞ்சாயத்து நடக்கும். காலையில் அரங்கு வாசலில் ரசிகர்கள் நிற்கையில் மேனேஜர் வந்து பெட்டி வரவில்லை என்பார். இன்றும் ஏதாவது ஒரு வெள்ளிக்கிழமை காலைக்காட்சி ரத்தாகும். கேட்டால் கீ வரவில்லை என்பார்கள். இரவெல்லாம் நடந்த பஞ்சாயத்து மட்டும் மாறவில்லை, அது இப்போது கைப்பேசியில் நடக்கிறது. டிக்கெட் பணம் இணையத்தில் திரும்பி வர ஒரு வாரம் ஆகும் என்பது கூடுதல் வசதி.

பிரதி இலவசமாகிவிடவும் இல்லை. டிஜிட்டல் புரொஜெக்டர்களை நிறுவிய நிறுவனங்கள் ஒவ்வொரு திரைக்கும் தயாரிப்பாளரிடம் வி.பி.எப். என்ற கட்டணத்தை வாங்கின. கருவியின் விலை திரும்பக் கிடைத்த பிறகும் இதை ஏன் கொடுக்க வேண்டும், ஹாலிவுட் படங்களுக்கு இல்லாத கட்டணம் எங்களுக்கு மட்டும் ஏன் என்று கேட்டுத் தயாரிப்பாளர் சங்கம் 2018 மார்ச் 1 முதல் புதுப் படங்களை வெளியிடாமல் நிறுத்தியது. ஏறத்தாழ ஏழு வாரங்கள் தமிழ்நாட்டில் புதிய தமிழ்ப் படம் எதுவும் வரவில்லை. ஆனாலும் பழைய பிரிண்ட் செலவோடு ஒப்பிட்டால் இந்தக் கட்டணம் சிறியது. ஒரு பெரிய படத்தை மாநிலத்தின் பெரும்பாலான திரைகளில் ஒரே காலையில் திறந்துவிடுவதற்கு இனி எந்தத் தடையும் இல்லை என்பதே முடிவான விளைவு.

ஆபரேட்டர்களின் நிலையைப் பற்றித் தொழிலில் யாரும் அதிகம் கவலைப்படவில்லை. இரண்டு கார்பன் ஆர்க் புரொஜெக்டர்களை வைத்துக்கொண்டு, எரிந்து குறையும் கார்பன் குச்சிகளின் இடைவெளியைத் திருகிச் சரிசெய்துகொண்டே, திரையின் வலது மேல் மூலையில் மின்னி மறையும் புள்ளியைப் பார்த்து அடுத்த புரொஜெக்டருக்கு மாற்றுவது அவர்களுடைய கலை. மாற்றம் பிசகினால் அரங்கமே விசிலடித்து வசைபாடும். பிசகாவிட்டால் அப்படி ஒருவர் மேலே இருப்பதே யாருக்கும் தெரியாது. அதற்கென்று அரசு நடத்திய தேர்வும் உரிமமும் இருந்தன. இன்று பல வளாகங்களில் ஒருவரே பல திரைகளைக் கணினியில் பட்டியலிட்டு ஓட்டிவிடுகிறார்.

இப்போது வசூல் பங்கீட்டைப் பார்த்தால் திரையரங்குகள் ஏன் மூடப்படுகின்றன என்பதற்குப் பதில் கிடைக்கும். முதல் வாரத்தில் வசூலின் பெரும்பங்கு விநியோகஸ்தருக்குப் போகும். வாரம் போகப் போகத் திரையரங்கின் பங்கு கூடும். ஆறாவது வாரமும் எட்டாவது வாரமும் படம் ஓடிய காலத்தில் அரங்கு உரிமையாளர் சம்பாதித்தது அந்தப் பின்வாரங்களில்தான். இன்றைக்கு நட்சத்திரப் படமே மூன்றாவது வாரத்தில் வெறிச்சோடிவிடுகிறது. ஆகவே ஆயிரம் இருக்கைகள் கொண்ட ஒற்றை அரங்கு, வருடத்தில் சில வெள்ளி, சனி, ஞாயிறுகளுக்கு நிரம்புவதற்காக மற்ற நாட்களிலெல்லாம் மின்கட்டணம் கட்டிக்கொண்டிருக்க வேண்டியிருக்கிறது. பல்திரை வளாகங்கள் இருநூறு, முந்நூறு இருக்கைகளாகப் பிரித்துக்கொண்டும், பாப்கார்ன் விற்றும் இதைச் சமாளிக்கின்றன. பாப்கார்ன் விலையைப் பற்றி நாம் புலம்புவது நியாயமே. ஆனால் பின்வாரங்கள் பறிபோன அரங்கு வேறெங்கே போய்ச் சம்பாதிக்கும் என்பதையும் கூடவே கேட்க வேண்டும்.

அண்ணாசாலையில் நடந்தால் இந்தக் கணக்கின் விடை கண்ணுக்குத் தெரியும். 1964-இல் ஒரே வளாகத்தில் மூன்று அரங்குகளோடு தொடங்கிய சபையர் இல்லை. கெயிட்டி, வெலிங்டன், சித்ரா, பாரகன், பிளாசா, அலங்கார், ஆனந்த் எதுவும் இல்லை. 2005-இல் ‘சந்திரமுகி’யை எண்ணூறு நாட்களுக்கு மேல் ஓட்டிய சாந்தி 2016-இல் மூடப்பட்டது; அந்த எண்ணூறு நாட்களில் எத்தனை நாட்கள் நிரம்பிய நாட்கள் என்று கேட்பவர்கள் உண்டு, நானும் கேட்பவன்தான். 1970-இல் தொடங்கிய தேவி வளாகம் நிற்கிறது, பழம்பெரும் கேசினோ நிற்கிறது. எங்கள் அகஸ்தியா 2020-இல் போனது. அசோக் நகர் உதயம் 2024-இல் போனது. எழுபதுகளில் தொடங்கி நகரத்தின் பெருமையாக வளர்ந்த சத்யம் குழுமம் 2018-இல் வெளிமாநில நிறுவனமொன்றின் கைக்குப் போனது. இவற்றில் எதையும் நான் யாருடைய குற்றமாகவும் பார்க்கவில்லை. மவுண்ட் ரோட்டில் ஓர் ஏக்கர் நிலத்தை வைத்துக்கொண்டு வாரத்தில் மூன்று நாள் வியாபாரம் செய்யுங்கள் என்று எந்தக் குடும்பத்திடமும் நாம் கேட்க முடியாது.

ஓ.டி.டி. இதன் அடுத்த படி. 2013-இல் ‘விஸ்வரூபம்’ படத்தை டி.டி.எச். வழியாக வீடுகளில் வெளியிடக் கமல்ஹாசன் திட்டமிட்டபோது திரையரங்கு உரிமையாளர்கள் எழுந்து எதிர்த்தார்கள், திட்டம் கைவிடப்பட்டது. ஏழே ஆண்டுகளில், 2020 மார்ச்சில் மூடிய அரங்குகள் திறக்காத நிலையில், மே மாதம் ‘பொன்மகள் வந்தாள்’ நேரடியாக அமேசான் பிரைமில் வந்தது. அப்போதும் எதிர்ப்பு எழுந்தது, ஆனால் எதிர்ப்பதற்குத் திறந்த அரங்கு ஒன்றுகூட இல்லை. 2021 ஜனவரி 13-இல் பாதி இருக்கைகளோடு அரங்குகளில் வெளியாகிப் பெருங்கூட்டத்தைக் கூட்டிய ‘மாஸ்டர்’ அந்த மாதம் முடிவதற்குள் வீட்டுத் திரைக்கு வந்துவிட்டது. நான்கு வாரம் என்பது பின்னர் பொது வழக்கமாயிற்று; அதை எட்டு வாரமாக்க வேண்டும் என்று உரிமையாளர்கள் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். நான்காவது வாரம் வரை ஓடும் படமே அரிது என்னும்போது எட்டு வாரத்தால் என்ன பயன் என்று தயாரிப்பாளர்கள் கேட்கிறார்கள். இரண்டும் நியாயமான கேள்விகள். ஆனால் நான்கு வாரம் பொறுத்தால் வீட்டில் பார்க்கலாம் என்று தெரிந்த குடும்பம் நான்காவது வாரம் அரங்குக்கு வராது என்பதும் கணக்கில் சேர வேண்டும்.

முதல் மூன்று நாளே எல்லாமும் என்றானபின் அந்த மூன்று நாளைச் சுற்றி ஒரு வெறி கட்டப்பட்டது. முதல் நாள் முதல் காட்சி என்பது அதிகாலை நான்கு மணிக்கும் ஒரு மணிக்கும் போய்ச் சேர்ந்தது. 2023 ஜனவரியில் இரண்டு பெரிய நட்சத்திரங்களின் படங்கள் ஒரே நாளில் வெளியான இரவில் கோயம்பேட்டில் ஒரு ரசிகர் உயிரிழந்த பிறகு, அதிகாலைக் காட்சிகளுக்கு அரசு அனுமதி கிடைப்பது நின்றுபோனது. தமிழ்நாட்டு ரசிகர்களில் ஒரு பகுதியினர் கேரளத்துக்கும் பெங்களூருக்கும் போய்ப் பார்த்துவிட்டு, இங்கே ஒன்பது மணிக் காட்சி தொடங்குமுன் விமர்சனத்தைப் பதிவேற்றுகிறார்கள். 2024 இறுதியில் யூடியூப் விமர்சனங்களைக் கட்டுப்படுத்தக் கோரித் தயாரிப்பாளர் சங்கம் ஒன்று உயர் நீதிமன்றம் வரை சென்றது. பேச்சுவழிப் பரவலை நம்பி இரண்டு மாதம் காத்திருந்த தொழில், அதே பேச்சு இரண்டு மணி நேரத்தில் பரவும்போது அஞ்சுகிறது. நல்ல பேச்சு பரவவும் அதே வேகம்தான் உதவுகிறது என்பதைச் சங்கம் மறந்துவிட்டது போலிருக்கிறது.

2024-இல் ‘லப்பர் பந்து’, 2025-இல் ‘டூரிஸ்ட் பேமிலி’ ஆகிய படங்கள் பெரிய ஆரவாரமின்றி வந்து, பார்த்தவர்களின் சொல்லால் நாளுக்கு நாள் காட்சிகளைக் கூட்டிக்கொண்டன. கோப்பு முறையின் நன்மை அங்கே தெரிந்தது. திங்கட்கிழமை கூட்டம் வந்தால் செவ்வாய்க்கிழமை இன்னொரு திரையில் ஓட்டலாம். புதுப் பிரிண்டுக்கு லேப்பில் காத்திருக்க வேண்டியதில்லை. ஆனால் இப்படி எழுந்து நிற்கிறவை ஆண்டுக்குச் சில. எடுக்கும் செலவும் டிஜிட்டலால் குறைந்துவிட்டதால் ஆண்டுக்கு வெளியாகும் தமிழ்ப் படங்களின் எண்ணிக்கை இருநூறைத் தாண்டுகிறது. ஒரே வெள்ளிக்கிழமையில் ஐந்தாறு படங்கள் வந்து, அவற்றில் நான்குக்கு வளாகத்தின் மிகச் சிறிய திரையில் காலை பத்தரை மணிக் காட்சி ஒன்றே கிடைக்கிறது. வேலை நாளில் பத்தரை மணிக்கு யார் வருவார்கள்? கூட்டமில்லை என்று திங்கட்கிழமை எடுத்துவிடுவார்கள். பிரிண்ட் பற்றாக்குறை இருந்த இடத்தில் இன்று நேரப் பற்றாக்குறை உட்கார்ந்திருக்கிறது. இரண்டில் எது சிறு படங்களுக்குக் கொடுமை என்று என்னைக் கேட்டால், இன்றையதுதான் என்பேன். அன்று வெளியாக முடியாமல் கிடந்த படத்துக்கு வெளியானபின் ஒரு வாய்ப்பாவது இருந்தது.

இதற்கிடையே 2024 ஏப்ரலில் மறுவெளியீடான ‘கில்லி’ இருபது ஆண்டுகள் கழித்தும் அரங்குகளை நிரப்பியது. வீட்டிலும் கைப்பேசியிலும் பலமுறை பார்த்த படத்தைக் காசு கொடுத்து மறுபடி பார்க்க இளைஞர்கள் வந்தார்கள். கூட்டமாக உட்கார்ந்து பார்க்கும் ஆசை தீர்ந்துவிடவில்லை, கட்டணம் தாங்கும் அளவில் இருந்தால் நாள் கடந்த படத்துக்கும் ஆள் வரும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம். இங்கே கட்டணத்தைப் பற்றிச் சொல்ல வேண்டியிருக்கிறது. சென்னையின் பல்திரை வளாகங்களில் அரசு அனுமதித்த உச்ச வரம்பு வரிகளோடு சேர்த்து இருநூறு ரூபாயை நெருங்குகிறது. முந்நூறு கோடியில் எடுத்த படத்தின் முதல் நாளுக்கும், புதுமுகங்களின் படத்தின் பன்னிரண்டாம் நாளுக்கும் ஏறக்குறைய அதே கட்டணத்தை வாங்குகிறார்கள். பழைய வரிசை முறையில் ஊர் மாற மாற, வாரம் மாற மாறக் கட்டணம் இறங்கியது. காத்திருக்கத் தயாராக இருந்தவனுக்குக் குறைந்த விலையில் படம் கிடைத்தது. அந்த ஒன்றை மட்டும் இன்றைய முறைக்குள் திரும்பக் கொண்டுவர எந்தத் தொழில்நுட்பத் தடையும் கிடையாது.

2025 செப்டம்பர் முதல் நூறு ரூபாய் வரையிலான டிக்கெட்டுக்கு ஜி.எஸ்.டி. 12 சதவீதத்திலிருந்து 5 சதவீதமாகக் குறைந்திருக்கிறது. நூறுக்கு மேல் போனால் 18 சதவீதம். இரண்டாவது திங்கட்கிழமையிலிருந்து நூறு ரூபாய்க்குக் கீழே விற்கும் திரை ஒன்றை, மாலைக் காட்சி நேரத்தோடு, ஒவ்வொரு வளாகமும் நாள் கடந்த சிறு படங்களுக்கென ஒதுக்கிப் பார்க்கலாம். அதை யாராவது ஒருவர் அகஸ்தியா இருந்த வடசென்னையில் தொடங்கினால் இன்னும் நல்லது.